மறந்துவிட்டேன் என்று ஒரு பொத்தான்

ரஷ்ய மொழியில் ரத்தத்துக்கு என்ன பெயர் என்று என்னைத் தூக்கத்தில் தட்டி எழுப்பிக் கேட்டாலும் சொல்லிவிடுவேன். க்ரோஃப். வலிக்கு 'போல்'. மயக்கத்துக்கு ஓப்மரக். காய்ச்சல், வாந்தி, வீக்கம், எல்லாம் அத்துப்படி. மனுஷன் சந்தோஷமாக இருக்கும்போது பேசுகிற மாதிரி ஒரே ஒரு வார்த்தை கேளுங்கள், திருதிருவென்று விழிப்பேன். நல்லது என்பதற்கு ஹரஷோ என்று ஒன்று தெரியும். அது ஊர் உலகத்துக்கே தெரியும், அதில் எனக்கு என்ன பெருமை.

இந்தப் படிப்பை நானாகத் தேடிப் போகவில்லை. எங்களுக்கு ஒரே பெண், வீட்டில் பாப்பா என்போம். அவள் கல்யாணம் செய்துகொண்டு மாப்பிள்ளையின் ஊருக்குப் போனாள். அங்கே எல்லோரும் ரஷ்ய மொழிதான் பேசுகிறார்கள். மாப்பிள்ளைக்குக் கப்பலில் வேலை, ஏறினால் மாதக்கணக்கில் கடல்தான். வீட்டில் இருப்பது என் பெண்ணும் அவள் மாமியாரும். பெண் உண்டானாள். நாங்கள் சந்தோஷப்பட்டு முடிப்பதற்குள், ரத்த அழுத்தம் ஏறுகிறது, எழுந்து நடமாடக் கூடாது, விமானம் பக்கமே போகக் கூடாது என்று டாக்டர் அவளைப் படுக்க வைத்துவிட்டார். நான் போகலாம் என்றால் விசா வந்தபாடில்லை. ஆக, என் பெண்ணுக்கு ஒன்று என்றால் எனக்குச் சொல்ல சம்பந்தியம்மா ஒருத்திதான் உண்டு. அந்த அம்மாவுக்கு ரஷ்ய மொழி தவிர வேறு எதுவும் வராது. எனக்கு அது ஒன்றுதான் வராது.

"பிரசவத்தப்போ என்னால உனக்குப் போன் பண்ண முடியாதும்மா" என்றாள் பெண். "அத்தைதான் பண்ணுவாங்க. அவங்க சொல்றது உனக்குப் புரிய வேணாமா?"

"அதுக்குத்தான் போன்லயே மொழிபெயர்க்கிற மெஷின் இருக்குதே?"

"அத்தைகிட்ட இருக்கிறது பட்டன் போன்மா. வெறும் பேச்சு மட்டும்தான்."

மெஷினையும் விட்டுவைக்கவில்லை. ஒருமுறை சம்பந்தியம்மா பேசும்போது அவரிடமிருந்து, அதாவது என் வீட்டுக்காரரிடமிருந்து, போனைப் பிடுங்கி என் போனுக்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். திடீரென்று ஒரு தகர டப்பா ஆண் குரல் குறுக்கே புகுந்து ரஷ்ய மொழியில் என்னவோ அதட்டியது. சம்பந்தியம்மா பயந்து போனை வைத்தவர், அன்று முழுக்க எடுக்கவே இல்லை. வீட்டுக்குள் திருடன் புகுந்துவிட்டான், பாவம் என்று எங்களுக்காக அழுதாராம்.

அதனால் பெண் ஒரு வழி செய்தாள். படுக்கையில் கிடந்தபடியே பாடம் பதிவு செய்ய ஆரம்பித்தாள். தமிழ் வாக்கியத்தை அவள் சொல்வாள். அப்புறம் கொஞ்சம் இடைவெளி, அதற்குள் நாம் ரஷ்ய மொழியில் சொல்லிவிட வேண்டும். பிறகு சரியான பதிலைச் சம்பந்தியம்மா சொல்வார். அந்த அம்மா பஸ்ஸில் டிக்கெட் கொடுத்து ஓய்வு பெற்றவர். "எனக்குத் தாகமாக இருக்கிறது" என்பதைக்கூடப் பின்னால் நகரச் சொல்கிற குரலில்தான் சொல்வார். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்னால் கெட்டில் கொதிக்கிற சத்தமோ, அவர்கள் வீட்டுப் பூனையோ, என் பெண் புரண்டு படுக்கிற சத்தமோ கேட்கும். எழுத்து கிடையாது, படிப்பு கிடையாது, காதுதான் எல்லாம்.

இந்த வாக்கியங்களைப் போட்டுக் கேட்பதற்கு ஒரு செயலியை மாப்பிள்ளை கப்பல் ஏறுவதற்கு முன்னால் எங்கள் இரண்டு பேர் போனிலும் அமைத்துக் கொடுத்தார். "அம்மா அப்பா" என்று ஒரே பெயரில் ஒரே கணக்கு. சாயங்காலம் இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து படிப்பீர்கள், எதற்குத் தனித்தனியாக என்றாராம். கல்யாணமாகிக் கொஞ்ச நாள்தான் ஆகிறது, அப்படித்தான் தோன்றும். என் வீட்டுக்காரர் காலையில் பஸ்ஸில் வேலைக்குப் போகும்போது கேட்பார். நான் பகலெல்லாம் கடையில் வேலை செய்துகொண்டே கேட்பேன்.

செயலியில் இரண்டு பொத்தான்கள். பதில் வந்தால் 'சுலபம்', வராவிட்டால் 'மறந்துவிட்டேன்'. காதில் மாட்டுகிற ஒயரிலேயே அழுத்திக்கொள்ளலாம்.

"தெரிஞ்சதை அது விட்டு விட்டுத்தாம்மா கேட்கும்" என்றாள் பெண். "சுலபம்னு அழுத்தினா ரெண்டு நாள் கழிச்சு வரும், அப்புறம் ஒரு வாரம் கழிச்சு, அப்புறம் மாசக்கணக்குல தள்ளிப் போயிடும். மறந்துட்டேன்னு அழுத்தினா விடவே விடாது, திரும்பத் திரும்பக் கேட்கும். மூளைக்கு அதுதான் நல்லதாம்."

மூளைக்கு நல்லதோ என்னவோ, மனசுக்கு நல்லதில்லை. எனக்கு வேலை ஒரு ஆல்டரேஷன் கடையில். இடுப்பு பெருத்தவர்களுக்குப் பேண்டைப் பிரித்துக் கொடுப்பது, ஜிப் மாற்றுவது, கைநீளம் குறைப்பது. கை ஓடும், காது சும்மா இருக்கும். அதனால் கேட்கலாம்தான். ஆனால் வாயில் குண்டூசிகளைக் கடித்துக்கொண்டு ரஷ்ய மொழி பேசிப் பாருங்கள். ஒருநாள் ஒரு மனிதருக்கு முழங்காலிட்டுக் கால்மடிப்பு அளந்துகொண்டிருந்தேன். காதில் என் பெண், "அதிகமாக ரத்தம் போகிறது" என்றாள். நான் பழக்க தோஷத்தில் ரஷ்ய மொழியில் உரக்கச் சொல்லிவிட்டேன். அந்த மனிதர் ஊசி குத்திவிட்டதோ என்று காலைத் தூக்கிக்கொண்டார்.

"யாரோட சண்டை போட்டுட்டிருக்க?" என்று உள்ளேயிருந்து முதலாளியம்மா கத்தினார்.

"என் விதியோட" என்றேன்.

போகப் போக என் பாடம் இப்படியே ஆகிவிட்டது. செயலியைத் திறந்தால் ரத்தம், வலி, ஆபரேஷன், மயக்கம். இதயத் துடிப்பு குறைகிறது. டாக்டரைக் கூப்பிடுங்கள். காத்திருக்கச் சொல்கிறார்கள். என் பெண்ணின் குரலில், பூனை கத்துகிற பின்னணியில், நாள் முழுக்க இதே புராணம். இஸ்திரிப் பெட்டியைத் துணிமேல் வைத்துவிட்டு, அப்படியே நின்று ஒருவருடைய சட்டைக் காலரைத் தீய்த்தேன்.

போனில் பெண்ணிடமே எரிந்து விழுந்தேன். "ஏன்டி, வாயும் வயிறுமா இருக்கிறவ, உனக்கு வேற வார்த்தையே கிடைக்கலயா? எப்பப் பாரு ரத்தம், ரத்தம்!"

"எல்லா மாதிரியும்தானேம்மா போட்டிருக்கேன்? ஆஸ்பத்திரி வார்த்தை ஒரு ஆத்திர அவசரத்துக்குத்தான். நல்லது நிறைய போட்டிருக்கேனே!"

"எங்க போட்ட? எனக்கு ஒண்ணும் வரலையே!"

"நல்லாத் தேடிப் பாரு. சும்மா கத்தாத, எனக்கு பிரஷர் ஏறுது."

பிரஷர் என்ற சொல்லைக் கேட்டதும் பேச்சைப் பூனை பக்கம் திருப்பினேன்.

வீட்டுக்காரரைப் பார்த்தால் இன்னும் பற்றிக்கொண்டு வரும். அவர் லிஃப்ட் பழுது பார்க்கிறவர். சாயங்காலம் கை காலெல்லாம் கிரீஸோடு வந்து உட்கார்ந்து, டீயை உறிஞ்சிக்கொண்டே, "பரவால்லம்மா, ரொம்ப சுலபமான மொழிதான்" என்பார். எனக்கு உடம்பெல்லாம் எரியும்.

"சுலபமா? எங்க, ஒரு பத்து வார்த்தை சொல்லுங்க பார்ப்போம்."

அவர் கண்ணை மூடிக்கொண்டு பாட்டுப் பாடுவது மாதிரி ஏதோ ஏற்ற இறக்கமாகச் சொல்வார். ஒன்றுகூட எனக்குப் புரியாது. இந்த மனுஷன் வாய்க்கு வந்ததை உளறுகிறார் என்று நான் முடிவு கட்டிவிட்டேன். முப்பது வருஷக் குடித்தனத்தில் அவர் உளறி நான் பார்க்காததா?

மாதம் நெருங்கியது. விசாவைப் பற்றிக் கேட்டால் வரும் வரும் என்றார்கள், வரவில்லை. டாக்டர் சொன்ன தேதிக்கு இன்னும் நாள் இருந்தது.

அன்று மத்தியானம் ஒரு பெண்ணின் கோட்டில் ஜிப்பைப் பிரித்துக்கொண்டிருந்தேன். போன் அடித்தது. சம்பந்தியம்மாவின் எண். அந்த நேரத்தில் அவர் கூப்பிட்டதே கிடையாது. கையில் இருந்த கத்தரியை எங்கே வைத்தேன் என்று இன்றைக்கும் தெரியாது.

சம்பந்தியம்மா அழுதுகொண்டிருந்தார். பஸ்ஸில் டிக்கெட் கொடுத்த அந்தக் கணீர்க் குரல் உடைந்து போயிருந்தது. நிறுத்தாமல் பேசினார். பாடத்தில் விடுகிற மாதிரி இடைவெளி எல்லாம் நிஜத்தில் யார் விடுகிறார்கள்? நான் ஒயரைக் காதோடு சேர்த்து அழுத்திக்கொண்டேன். என் பெண்ணின் பெயர். க்ரோஃப். ம்னோக க்ரோவி, நிறைய ரத்தம். ஆம்புலன்ஸ். ஆபரேஷன். குழந்தையின் இதயம். டாக்டர். காத்திருக்கச் சொன்னார்கள். தெரிந்த வார்த்தை ஒவ்வொன்றும் வந்து வந்து நெஞ்சில் அறைந்தது. எத்தனை மாதம் படித்தேன், ஒன்றுகூடத் தப்பவில்லை.

நடுநடுவே தெரியாத வார்த்தைகளும் வந்தன. ஒன்றை மட்டும் மூன்று நான்கு தடவை சொன்னார், சொல்லும்போதெல்லாம் அழுகை அதிகமானது. வ்ஸ்யோ அபஷ்லோஸ். வ்ஸ்யோ அபஷ்லோஸ். எப்போதோ ஒருமுறை காதில் விழுந்த மாதிரி இருந்தது. என்னவென்று பிடிபடவில்லை. ஹரஷோவா, என் பெண் ஹரஷோவா என்று கேட்க வாயைத் திறந்தேன். போன் செத்துவிட்டது.

திருப்பிக் கூப்பிட்டால் அணைக்கப்பட்டிருப்பதாகச் சொன்னது. அந்தப் பட்டன் போனுக்கு சார்ஜ் நிற்காது என்று பெண் எத்தனை தடவை சொல்லியிருக்கிறாள். பெண்ணின் போனுக்கு அடித்தேன், அடித்துக்கொண்டே இருந்தது. மாப்பிள்ளைக்குச் செய்தி அனுப்பினேன், அது நடுக்கடலில் எங்கேயோ போய் நின்றது. வீட்டுக்காரருக்குப் போட்டால் தொடர்பு எல்லைக்கு வெளியே என்றது. லிஃப்ட் குழிக்குள் இறங்கிவிட்டால் அந்த மனுஷனுக்கு உலகமே கிடையாது.

அப்போதுதான் செயலி டிங்கென்று ஒலித்தது. சம்பந்தியம்மாதான் என்று அவசரத்தில் திறந்தும் விட்டேன். காதில் மாட்டியிருந்த ஒயருக்குள் என் பெண் கேட்டாள். "அம்மா, டாக்டரைக் கூப்பிடுங்கள். இப்ப நீ சொல்லு."

ஒயரைப் பிடுங்கி எறிந்தேன். "ஐயோ" என்று நான் போட்ட சத்தத்தில் முதலாளியம்மா தையல் மெஷினை நிறுத்திவிட்டு ஓடி வந்தார்.

"என் பொண்ணு" என்றேன். அவர் என் தோளைப் பிடித்து வாசலுக்குத் தள்ளினார். "போ. முதல்ல உன் வீட்டுக்காரரைப் பாரு. கடைய நான் பார்த்துக்கறேன்."

வீட்டுக்காரர் அன்று வேலை செய்துகொண்டிருந்தது இரண்டு தெரு தள்ளி, பல் டாக்டர் முதல் வக்கீல் வரை எல்லோரும் இருக்கிற ஒரு பழைய கட்டடத்தில். ஓடினேன். ஓடும்போது ஒரே ஒரு பயம். அந்த வார்த்தை மறந்து போய்விடக் கூடாது. எழுதி வைக்கலாம் என்றால் காகிதமும் இல்லை, நிற்கப் பொறுமையும் இல்லை. சொல்லிக்கொண்டே ஓடினேன். வ்ஸ்யோ அபஷ்லோஸ். தெருவில் ஒரு ஆள் நின்று திரும்பிப் பார்த்தார். பார்த்தால் பார்க்கட்டும்.

கட்டடத்துக்குள் போனால் லிஃப்ட் வேலை செய்யவில்லை. அட, லிஃப்ட் வேலை செய்தால் அவர் எதற்கு அங்கே இருக்கப் போகிறார்! என் புத்தியை என்ன சொல்ல. மாடிப்படி ஏறினேன். ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு அந்த வார்த்தையைச் சொல்லிப் பார்த்தேன். இருக்கிறது, போகவில்லை. அடுத்த திருப்பத்தில் மறுபடியும். நான் அவ்வளவு திட்டின அந்தச் செயலி என் மண்டைக்குள் உட்கார்ந்துகொண்டு என்னைக் கேட்டபடியே வந்தது.

மேல் மாடி ஒன்றில் லிஃப்டின் கதவு திறந்திருந்தது. குறுக்கே மஞ்சள் தடுப்பு, உள்ளே இருட்டு, இருட்டுக்குள் ஒரு டார்ச் வெளிச்சம் அசைந்தது. அவர் கூண்டின் தலையில் நின்று வேலை செய்துகொண்டிருந்தார். தலை மட்டும் தரை மட்டத்துக்குத் தெரிந்தது.

"ஏங்க!" என்றேன். குழி முழுக்க நான் கத்தினது எதிரொலித்தது.

அவர் பதறினார். "நீயா? இங்க எங்க வந்த? கிட்ட வராத, அங்கயே நில்லு! தடுப்பைத் தொடாத!"

"பாப்பாவுக்கு என்னமோ ஆயிடுச்சுங்க."

உள்ளே ஸ்பேனர் விழுகிற சத்தம் கேட்டது. மேலே மோட்டார் அறையில் இருந்த கூட்டாளிக்கு, "எதையும் ஓட்டாத, நான் வெளிய வரேன்" என்று குரல் கொடுத்தார். விளிம்பில் கையை ஊன்றி எம்பி, தடுப்புக்கு அடியில் புகுந்து வெளியே வந்தார். தலையில் போட்டிருந்த பாதுகாப்புத் தொப்பியைக் கழற்றக்கூட மறந்துவிட்டார்.

"என்ன ஆச்சு? யாரு சொன்னா?"

"சம்பந்தியம்மா. அழுதுகிட்டே பேசினாங்க, போன் கட்டாயிடுச்சு. ஒரு வார்த்தையையே திரும்பத் திரும்பச் சொன்னாங்க. வ்ஸ்யோ அபஷ்லோஸ். எனக்குப் புரியல. உங்களுக்குத் தெரியுமா? தெரியலன்னா தெரியலன்னு சொல்லிடுங்க, உளறாதீங்க."

அவர் முகத்தில் மெதுவாக ஒரு சிரிப்பு வந்தது. அந்த நேரத்தில் அவர் சிரித்ததை நினைத்தால் எனக்கு இப்போதும் ஆத்திரம் வருகிறது. முகமெல்லாம் கிரீஸ், நடுவில் பல்.

"நிஜமா அப்படித்தான் சொன்னாங்களா?"

"எதுக்குய்யா சிரிக்கிறீங்க?" வாய்யா போய்யா என்று அவரை நான் அதற்கு முன் பேசினதில்லை. "நிறைய க்ரோஃப்னு சொன்னாங்க! கேட்குதா? க்ரோஃப்!"

"அப்படின்னா?"

"அப்படின்னாவா? ரத்தம்! ரத்தம்யா! ஆம்புலன்ஸ், ஆபரேஷன், குழந்தையோட இதயம், எல்லாம் சொன்னாங்க."

சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. படிக்கட்டில் தொப்பென்று உட்கார்ந்தார். "ரத்தமா? எனக்கு அந்த வார்த்தை வராதே" என்றார்.

"எப்படி வராம இருக்கும்? தினம் தினம் அதேதானே வருது? எனக்கு வேற எதுவுமே வரலையே!"

அவர் என்னைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "வரும். வந்ததும் மறந்துவிட்டேன்னு அழுத்திட்டுப் போனை மூடிடுவேன். பாப்பா குரல்ல அதை என்னால கேட்க முடியலம்மா. மத்ததெல்லாம் நல்லாக் கேட்டேன். தூங்குறா, சாப்பிட்டா, நல்லாருக்கா, வீட்டுக்கு வந்தாச்சு. அதெல்லாம் டக்கு டக்குனு வந்துடும். சுலபம், சுலபம்னு அழுத்திட்டே போவேன்."

எனக்குச் சுருக்கென்றது. ஒரே கணக்கு, இரண்டு போன். அந்த மெஷினுக்கு நாங்கள் இரண்டு பேரும் ஒரே ஆள். காலையில் இவர் சுலபம் என்று அழுத்தின வார்த்தையெல்லாம் மாதக்கணக்கில் தள்ளிப் போய்விடும், என் காதுக்கு வரவே வராது. இவர் மறந்துவிட்டேன் என்று தள்ளிவிட்டுப் போனதெல்லாம் பகல் முழுக்க என் தலையில் விடியும்.

"நல்லதை எல்லாம் நீங்க எடுத்துக்கிட்டீங்க" என்றேன். குரல் எனக்கே அடையாளம் தெரியவில்லை. "ரத்தம், வலி, ஆபரேஷன் எல்லாத்தையும் எனக்குன்னு மிச்சம் வெச்சீங்க. நான் தனியா உட்கார்ந்து அதைக் கேட்டுக் கேட்டுச் செத்தேன். நீங்க வந்து டீ குடிச்சிட்டு சுலபமான மொழின்னு சொன்னீங்க."

"எனக்குத் தெரியாதும்மா. சத்தியமா தெரியாது. அது உனக்கு வருதுன்னு நினைச்சேனா நான்?"

"இப்பவாவது சொல்லுங்க. அந்த வார்த்தைக்கு என்ன அர்த்தம்?"

தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார். "எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது. ஆபத்துல இருந்து தப்பிச்சாச்சு. அதுதான் அர்த்தம். பாப்பா அப்படித்தான் சொல்லியிருக்கா."

"நிச்சயமா?"

"நிச்சயம்மா. அது ரொம்ப முன்னாடி நாலஞ்சு தடவை வந்துச்சு. அதுக்கப்புறம் வரவே இல்ல, ஆனா எனக்கு மறக்கல. இந்தக் குழிக்குள்ள நிக்கிறப்போ எல்லாம் அதைத்தான் வாய்க்குள்ள சொல்லிட்டிருப்பேன்."

நம்பலாமா, கூடாதா? முப்பது வருஷமாக எதைக் கேட்டாலும் பரவால்ல என்கிற மனுஷன். வீட்டில் கூரை ஒழுகினாலும் நல்ல காற்று வருகிறது என்பார். என் வார்த்தைகள் எல்லாம் என் பெண் போய்விட்டாள் என்றன. அவர் வார்த்தை ஒன்றே ஒன்று, இருக்கிறாள் என்றது. இரண்டுக்கும் நடுவில் அந்தப் படிக்கட்டில் உட்கார்ந்திருந்தேன். அவர் கிரீஸ் கையால் என் கையைப் பிடித்தார். நான் உதறவில்லை.

போன் அடித்தது.

வேறு ஏதோ எண். எடுத்தால் சம்பந்தியம்மா, ஆஸ்பத்திரியில் யாரிடமோ போனைக் கடன் வாங்கியிருக்க வேண்டும். ஒலிபெருக்கியில் போட்டுப் படியில் எங்களுக்கு நடுவில் வைத்தேன். அவர் முதலில் என் பெயரைச் சொன்னார். பிறகு, நாங்கள் திணறுவது புரிந்ததோ என்னவோ, பாடத்தில் பேசுகிற மாதிரி நிறுத்தி நிறுத்திப் பேச ஆரம்பித்தார். ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்னால் இடைவெளி.

"காலைல ரத்தம் போச்சு, நிறைய" என்றேன் நான்.

"இப்ப நின்னுடுச்சு" என்றார் வீட்டுக்காரர்.

"குழந்தையோட இதயம் மெதுவா அடிச்சுது. ஆபரேஷன் பண்ணிட்டாங்க."

"அழுதுச்சாம். சத்தமா அழுதுச்சாம். பொண்ணு!"

"பாப்பா ரொம்ப பலவீனமா இருக்கா. மயக்கம்."

"இல்லம்மா, மயக்கம் தெளிஞ்சாச்சு. ஸ்பித்னு சொல்றாங்க. தூங்குறா. சும்மா தூங்குறா."

கீழே இறங்கிப் போன ஒரு வக்கீல் எங்களைப் பார்த்துவிட்டுச் சுவரோரமாக ஒதுங்கிப் போனார். ஒரு போன், அதற்கு இரண்டு பக்கமும் இரண்டு கிழங்கள், ஆளுக்கு ஒரு பாதியாகத் தமிழில் கத்திக்கொண்டு. கடைசியில் சம்பந்தியம்மா தன் பழைய பஸ் குரலில் அந்த வாக்கியத்தை ஒருதரம் சொன்னார். வ்ஸ்யோ அபஷ்லோஸ். நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து திருப்பிச் சொன்னோம். அப்புறம்தான் நான் அழுதேன். அதுவரைக்கும் அழவில்லை என்பதே அப்போதுதான் தெரிந்தது.

இரண்டு நாள் கழித்துப் பெண்ணே பேசினாள். குரல் நூல் மாதிரி இருந்தது. நாங்கள் செய்த கூத்தைச் சொன்னதும், "சேர்ந்து படிங்கன்னுதானே உங்க மாப்பிள்ளை ஒரே கணக்கா போட்டார்?" என்று சிரித்து, தையல் வலிக்கிறது என்று நிறுத்திக்கொண்டாள்.

"மாப்பிள்ளை கரைக்கு வந்ததும் ஆளுக்கு ஒரு கணக்கா பிரிச்சுத் தரச் சொல்லு" என்றேன். "உங்கப்பாவோட என்னால படிக்க முடியாது."

அதற்குக் காத்திருக்கப் பொறுமையில்லாமல், கடையில் உட்கார்ந்து செயலிக்குள் நோண்டினேன். என் பெண் பதிவு செய்த எல்லாமே ஒரு மூலையில் கிடந்தது. தள்ளித் தள்ளிப் போய் அடுத்த வருஷம்தான் வரும் என்று இருந்த இடத்தில் அதைக் கண்டுபிடித்தேன். அழுத்தினேன்.

"எல்லாம் நல்லபடியா முடிஞ்சுது. அம்மா, இப்ப நீ சொல்லு." கெட்டில் கொதித்துக்கொண்டிருந்தது.

சொன்னேன். சரியாகத்தான் சொன்னேன். சம்பந்தியம்மாவும் சொன்னார். அப்புறம் மறந்துவிட்டேன் என்று அழுத்தினேன். ஒரு பேண்ட் மடிப்பதற்குள் மறுபடி வந்தது. மறுபடியும் அதையே அழுத்தினேன்.

மறுநாள் காலையில் அவர் வழக்கம்போல ஒயரைக் காதில் மாட்டிக்கொண்டு பஸ் ஏறினார். போச்சு, இன்றைக்கு அது இவர் கையில் மாட்டும், சுலபம் என்று ஒரு அழுத்து அழுத்துவார், மறுபடியும் தள்ளித் தள்ளி ஓட ஆரம்பித்துவிடும் என்று நினைத்துக்கொண்டேன். சொல்லி அனுப்பவும் மறந்துவிட்டேன். கடைக்குப் போய் அரை மனசோடு செயலியைத் திறந்தேன். முதல் வாக்கியமே அதுதான்.

சாயங்காலம் டீயை வைத்துவிட்டுக் கேட்டேன். "காலைல பஸ்ல பாடம் கேட்டீங்களா?"

"கேட்டேன்."

"எல்லாம் நல்லபடியா முடிஞ்சுதுன்னு வந்துச்சா?"

"வந்துச்சு."

"சுலபம்னு அழுத்தலையா?"

அவர் டீயை ஊதிக்கொண்டே, "எங்க, மறந்து போச்சு" என்றார்.